என்ன முறை சொல்லி அழ?

சென்னை
5.1.1995

அன்புள்ள அமுச்சிக்கு,

மதிவதனி எழுதுகிறேன். நான் நலம். விடுதிச் சாப்பாடு ஒருவழியாக ஒத்துக்கொண்டுவிட்டது. உங்கள் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? தைலம் தீர்ந்திருந்தால் எழுதுங்கள், அனுப்புகிறேன். வெள்ளியங்கிரித் தாத்தாவுக்கு இருமல் நின்றதா?

ஒரு செய்தி. எங்கள் கம்பெனி டீவிக்காக ஒரு டாக்குமெண்டரி எடுக்கிறது. சினிமா மாதிரி பாட்டு, சண்டை எல்லாம் கிடையாது. மூவாயிரம் வருஷத்துக்கு முன்னால் நம் பக்கம் வாழ்ந்த ஜனங்கள் எப்படி வேட்டையாடினார்கள், செத்தவர்களை எப்படி அடக்கம் செய்தார்கள் என்று காட்டும் படம். டைரக்டர் வரதராஜுலு சார். நான் அவருக்கு உதவியாள். நம் ஊர் ஆற்றங்கரையில் வட்டமாகக் கல் நட்டுக் கிடக்கிறதே, அந்தப் பாண்டியங்குழியைப் பற்றி அவருக்கு யாரோ சொல்லியிருக்கிறார்கள். வேறு இரண்டு மூன்று ஊர்களை நானும் சொல்லிப் பார்த்தேன். அவர் கேட்கவில்லை. பிப்ரவரி நடுவில் வருகிறோம்.

படம் எடுக்கிற நாட்களில் என்னைத் தெரிந்ததாக நீங்கள் காட்டிக்கொள்ள வேண்டாம். தெருவிலும் சொல்லி வையுங்கள். காரணத்தை நேரில் சொல்கிறேன். பதிலை ஆபீசுக்குப் போடாமல் விடுதிக்கே போடுங்கள்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள்
மதி

*

பாறைக்காட்டுப்புதூர்
கருமத்தம்பட்டி வழி
16.1.95

பேத்தி மதிவதனிக்கு அமுச்சி பழனியாத்தாள் தன் கையால் எழுதுவது.

பொங்கலுக்கு நீ வருவாய் என்று பச்சரிசி எடுத்து வைத்திருந்தேன். கடுதாசிதான் வந்தது. முழங்காலும் இருக்கிறது, வலியும் இருக்கிறது, ஒன்றை விட்டு ஒன்று போகிற மாதிரித் தெரியவில்லை. வெள்ளியங்கிரி பீடியை விட்டால் இருமல் அவனை விடும். என்ர தம்பி என்பதால் சொல்லவில்லை, அவன் விட மாட்டான்.

செத்து மூவாயிரம் வருசமான ஆளுகளைப் பார்க்க மெட்ராஸிலிருந்து வேன் போட்டுக்கொண்டு வாரீங்களா? நல்லது. உசுரோட இருக்கிற நம்ம தெருவுக்கு பஸ் கேட்டு பதினோரு வருசமா நான் மனு எழுதிப் போடறேன். ஒருத்தனும் சைக்கிளில்கூட வந்து எட்டிப் பார்க்கவில்லை. நாங்களும் செத்துப்போனால்தான் கவனிப்பீங்க போல.

காரணத்தை நேரில் சொல்கிறேன் என்று எழுதியிருக்கிறாய். சொல்ல வேண்டாம். உன்ர அம்மா சாமியாத்தா போனபோது உனக்கு மூணு வயசு. அன்னிக்கிருந்து நீ வாயைத் திறக்கும் முன்னால் என்ன கேட்பாய் என்று எனக்குத் தெரியும். நான் அஞ்சாங்கிளாஸ் பாஸ் பண்ணினவள். எழுதினதையும் படிப்பேன், எழுதாமல் விட்டதையும் படிப்பேன்.

ஒன்று மட்டும் எழுது. உன்ர கம்பெனியில் நீ எந்த ஊர், எந்தத் தெரு, யார் மகள் என்று சொல்லி வைத்திருக்கிறாய்? யாராவது கேட்டால் பொய்யை நானும் நேராகச் சொல்லோணும் அல்ல?

வேளைக்குச் சாப்பிடு. தலைக்கு எண்ணெய் வை.

பழனியாத்தாள்

*

சென்னை
25.1.1995

அன்புள்ள அமுச்சிக்கு,

நலம். உங்கள் நலமறிய ஆவல்.

கோயம்புத்தூர் ஆர்.எஸ்.புரம் என்று சொல்லியிருக்கிறேன். அப்பா பள்ளிக்கூட வாத்தியார் என்று. அம்மா இல்லை என்பது தெரியும். வேறு யாரைப் பற்றியும் அவர்கள் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

கல் தூக்கவும் குழி தோண்டவும் ஆண்கள் பதினைந்து பேரும், அடக்கம் செய்கிற காட்சிக்குப் பெண்கள் பத்துப் பேரும் வேண்டுமாம். நம் தெருவில்தான் கேட்பார்கள். வெள்ளியங்கிரித் தாத்தா பழக்கத்தில் 'மதிக்கண்ணு' என்று கூப்பிட்டுவிடப் போகிறார். அவருக்கு இரண்டு தடவை சொல்லுங்கள்.

உங்கள்
மதி

*

பாறைக்காட்டுப்புதூர்
4.2.95

ஆர்.எஸ்.புரத்து வாத்தியார் மகள் மதிவதனிக்குப் பழனியாத்தாள் எழுதுவது.

இங்கே எல்லோரும் சுகம். வெள்ளாடு ரெண்டு குட்டி போட்டது. குட்டிகளை அது யாரிடமும் மறைக்கவில்லை.

வீடு வீடாகப் போய்ச் சொல்லிவிட்டேன். இந்தத் தெருவில் நான் யார் வாசலிலும் போய் நின்றவள் அல்ல. கடுதாசி எழுதோணும், மனு எழுதோணும் என்று அவர்கள்தான் என் வாசலுக்கு வருவார்கள். இப்போது நான் போய், "என்ர பேத்தி வருவாள், வந்தால் தெரியாத மாதிரி இருங்க" என்று கேட்டேன். கேட்டபோது அவரவர் முகம் போன போக்கை எழுத என்னிடம் எழுத்து இல்லை.

பங்காரம்மா மட்டும்தான் வாயைத் திறந்தாள். "ஏனுங்க்கா, பெரியவளாயிச் சீர் செஞ்ச அன்னிக்கு அவ தலைக்குத் தண்ணி ஊத்துனதே நானுங்களே, அதையும் மறந்துபோடட்டுங்களா?" என்றாள். மறந்துபோடு என்றேன். "செரிங், இன்னும் என்னென்ன மறக்கோணும்னு ஒரு சீட்டுல எழுதிக் குடுங்க, நீங்கதான் படிச்சவங்களாச்சே" என்றாள். என்னை அப்படிக் கேட்க அவளுக்கு இருபது வருசமாக வாய்ப்பு வரவில்லை. நீ வாங்கிக் கொடுத்துவிட்டாய்.

வெள்ளியங்கிரி அன்றைக்கு ரெண்டு கட்டுப் பீடி குடித்தான்.

வா. தெரியாதவளாகவே வா.

பழனியாத்தாள்

*

பாறைக்காட்டுப்புதூர்
22.2.95

மதிவதனிக்கு,

வேன் ஊர் போய்ச் சேர்ந்திருக்கும். நீ சுகமாகப் போய்ச் சேர்ந்தாயா என்று கேட்க எனக்கு முறை இருக்கிறதா என்று தெரியவில்லை. இருந்தாலும் கேட்டுவிட்டேன்.

அந்த நாலு நாளும் நான் உன்னிடம் பேச முடியவில்லை. அதனால் இதில் பேசுகிறேன்.

முதல் நாள் உங்கள் வரதராஜுலு வேனை விட்டு இறங்கி, தொப்பியைக் கழற்றி, என்ர முகத்தை ஆட்டுச் சந்தையில் பல்லைப் பிடித்துப் பார்க்கிற மாதிரிப் பார்த்தார். "மதிவதனி, இந்தம்மா முகத்தைப் பாரும்மா. அப்படியே மூவாயிரம் வருஷம்! இவங்கதான் நம்ம ஆதித் தாய்" என்றார். நீ அட்டையில் எழுதிக்கொண்டு, "ஆமாம் சார்" என்றாய். என்ர வயசு அறுபத்தியேழு. மீதியை நீ சேர்த்துக் கொடுத்தாய்.

பங்காரம்மா உன்னைக் கிட்டத்தில் வந்து பார்த்து, "ஏனுங்க அம்மிணி, நீங்க எந்த ஊருங்க? எங்கியோ பாத்த மொகமாட்டத் தெரியுதுங்களே" என்றாளே, அவளை நான் முறைத்திருக்காவிட்டால் இன்னும் கேட்டிருப்பாள். நீ "கோயம்புத்தூர்ம்மா" என்று மெட்ராஸ்காரி மாதிரி இழுத்துச் சொன்னாய். "அட, அவ்வளவு தூரங்களா!" என்றாள் அவள். பதினைஞ்சு ஆம்பளைகளும் கல்லைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஒருத்தன்கூடச் சிரிக்கவில்லை. அவர்கள் சிரித்திருந்தால் எனக்குத் தாங்கியிருக்கும்.

ரெண்டாம் நாள், ரவிக்கையைக் கழற்றிவிட்டுச் சாக்கைச் சுற்றிக்கொள்ளச் சொன்னார்கள். முடியாது என்றேன். பேசிச் சம்மதிக்க வை என்று உன்னை அனுப்பினார்கள். கூடாரத்துக்குள் நீயும் நானும் மட்டும் நின்றோம். அங்கே வேறு யாரும் இல்லை, மதி. அப்போதும் நீ "பாட்டிம்மா, இது படத்துக்காகத்தான்" என்றாய். என் முகத்தைப் பார்க்காமல் ரவிக்கைக் கொக்கியைப் பார்த்துப் பேசினாய். முதல் ரவிக்கை நான் போட்டது இருபத்திரண்டு வயசில். அதைப் போட்டுக்கொண்டு களை எடுக்கப் போனதற்குத் தோட்டத்துக்காரர் வீட்டு அம்மா என்னென்ன கேட்டாள், நான் மறுநாளும் அதையே போட்டுக்கொண்டு எப்படிப் போனேன், எல்லாம் நீ சின்னதில் கதையாகக் கேட்டவள். உன்னைவிட்டே கழற்றச் சொன்னார்கள் பார். சாக்கை ரவிக்கைக்கு மேலேயே சுற்றிக்கொண்டேன். உன்ர டைரக்டர் தூரத்திலிருந்து எடுத்துக்கொள்கிறேன் என்றார். எடுக்கட்டும்.

மூணாம் நாள்தான் அடக்கம். பெரிய பானைக்குள் வைக்கோலைத் திணித்து வைத்து, "தலைவர் செத்துட்டார், எல்லாரும் அழுங்க" என்றார். நாங்கள் பத்துப் பேரும் ஒருத்தி முகத்தை ஒருத்தி பார்த்தோம். நம்ம தெருப் பொம்பளைகளை அழச் சொன்னால் அழுவார்கள், அதில் குறையில்லை. ஆனால் அழுவதற்கு ஒரு முறை இருக்கிறதல்லவா?

"ஏனுங்க, செத்தது எனக்கு என்ன வேணுமுங்க?" என்றேன்.

"என்னம்மா?"

"புருசனுங்களா, மகனுங்களா, கொழுந்தனுங்களா? புருசனுக்கு ஒரு பாட்டு, அண்ணந்தம்பிக்கு ஒரு பாட்டுங்க. முறை தெரியாம எதைச் சொல்லி அழறதுங்க?"

அவர் சிரித்தார். "ஆதி மனுஷங்களுக்கு முறையெல்லாம் கிடையாதும்மா. கூட்டமா இருந்தாங்க, கூட்டமா அழுதாங்க. சும்மா சத்தம் போட்டு அழுங்க."

"முறை இல்லாத சனமுங்களா இத்தாம் பெரிய கல்லைத் தூக்கியாந்து சுத்தியும் நட்டு வெச்சுது? யாருன்னே தெரியாத ஆளுக்கு எவனுங்க இப்படி முதுகு ஒடிவான்?" என்றேன்.

படிச்ச மனுசர் உன் பக்கம் திரும்பினார். "மதிவதனி, எப்படியாவது அழ வைம்மா" என்றார். நீ என் முன்னால் வந்து நின்று, "உங்களுக்கு யாரை நினைச்சா அழுகை வருமோ, அவங்களை நினைச்சுக்குங்க பாட்டிம்மா" என்றாய்.

நினைத்துக்கொண்டேன்.

*என்ர மக பெத்த மரிக்கொழுந்தே*
*மடியில போட்டு வளத்த கண்ணே*
*எதுத்தாப்புல நின்னுகிட்டு*
*ஏனுன்னு கேக்கலையே*

என்று எடுத்தேன். பங்காரம்மாவுக்கு ரெண்டாவது வரியிலேயே புரிந்துவிட்டது. அதற்குப் பிறகு அவள் அழுததும் மற்றவர்கள் அழுததும் நடிப்பல்ல. வெள்ளியங்கிரி தூக்கின கல்லைக் கீழே போட்டுவிட்டு ஆற்றுப் பக்கம் திரும்பிக்கொண்டான். உன்ர டைரக்டர் கையைத் தட்டி, "அருமை! கண்ணீர் ஒரிஜினல்!" என்று குதித்தார். அந்த நேரத்தில் சூலூர்ப் பக்கமிருந்து பிளேன் ஒன்று தலைக்கு மேலே போனது. சத்தம் கெட்டுப்போச்சு, இன்னொரு தடவை அழுங்கள் என்றார். போனவளுக்கு ஒரு தடவைதான் அழுவேன் என்று சொல்லி எழுந்துவிட்டேன்.

நீ அட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றாய். பிளேன் போனதை அதில் எழுதிக்கொண்டாய். கைதான் ஆடியது. வாய் ஆடவில்லை.

எனக்கு நெஞ்சு வலி, தலை சுற்றல் ஒன்றும் இல்லை. கவலைப்படாதே என்று எழுத மாட்டேன்.

பழனியாத்தாள்

*

சென்னை
30.3.1995

அன்புள்ள அமுச்சிக்கு,

நலம். தாமதமாக எழுதுவதற்கு மன்னிக்கவும். வேலை அதிகம். இங்கே இப்போதே வெயில் கொளுத்துகிறது. அங்கே ஆற்றில் தண்ணீர் இருக்கிறதா? ஆட்டுக்குட்டிகள் எப்படி இருக்கின்றன? தாத்தாவின் இருமலுக்கு மருந்து அனுப்பியிருக்கிறேன். இரவில் ஒரு மூடி கொடுங்கள்.

வரதராஜுலு சார் உங்கள் எல்லோருக்கும் நன்றி சொல்லச் சொன்னார். போட்டோ ஒன்று கொடுத்தார், இத்துடன் வைத்திருக்கிறேன். அதில் நீங்கள் நன்றாக விழுந்திருக்கிறீர்கள்.

ஒரு நல்ல செய்தி. படத்துக்குப் பின்னணியில் பேசுவதற்கு என் குரலையே தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். எந்த ஊர்ச் சாயலும் இல்லாத சுத்தமான குரல் என்று சார் சொன்னார். எழுதுவதும் நான்தான். கம்பெனியில் சேர்ந்து இரண்டு வருஷத்தில் இந்த இடம் யாருக்கும் கிடைத்ததில்லை.

முழங்காலுக்கு ஒற்றடம் கொடுங்கள்.

உங்கள்
மதி

*

பாறைக்காட்டுப்புதூர்
8.4.95

மதிவதனிக்கு,

சுகம். ஆற்றில் தண்ணீர் இல்லை. திருப்பூர்ச் சாயம்கூட நம்ம ஊருக்குக் கீழேதான் கலக்கிறது, அந்தக் கலர்கூட நமக்குக் கொடுத்து வைக்கவில்லை. குட்டிகளில் ஒன்று கிடா.

நான் நாலு பக்கம் எழுதினேன். நீ ஒன்றரைப் பக்கத்தில் வெயில், ஆறு, ஆடு, இருமல் எல்லாம் விசாரித்திருக்கிறாய். நான் அழுததை விசாரிக்கவில்லை. ஆட்டுக்குட்டி மேல் இருக்கிற அக்கறைக்கு ஆட்டுக்குட்டி உனக்கு நன்றி சொல்லச் சொன்னது.

போட்டோ வந்தது. அதில் நான் இருக்கிறேன், பானை இருக்கிறது, கல் இருக்கிறது. ஓரத்தில் உன்ர செருப்புக் கால் ஒன்று இருக்கிறது. மற்றதை வெட்டிவிட்டார்களா, வெட்டச் சொன்னாயா?

ஊர்ச் சாயல் இல்லாத குரல் என்று அந்த மனுசர் சொன்னது பாராட்டு என்று நினைத்துக்கொண்டிருக்கிறாய். தண்ணிக்குச் சாயல் இல்லை என்று யாரும் பரிசு கொடுப்பதில்லை.

பழனியாத்தாள்

*

சென்னை
21.6.1995

அன்புள்ள அமுச்சிக்கு,

நலம். படம் ஜூலை இரண்டாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை காலை பத்தரை மணிக்கு டீவியில் வருகிறது. அமீர் ஹம்சா பாய் டீக்கடையில் டீவி இருக்கிறது என்று தெரியும். அந்த நேரத்தில் கரண்ட் இருக்குமோ என்னவோ. பார்க்க முடியாவிட்டால் பரவாயில்லை, பிறகு கேசட் அனுப்புகிறேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

மதி

*

பாறைக்காட்டுப்புதூர்
4.7.95

மதிவதனிக்கு,

கரண்ட் இருந்தது. நீ அவ்வளவு வேண்டிக்கொண்டும் இருந்தது.

அமீர் ஹம்சா பாய் டீவியைத் திண்ணையில் தூக்கி வைத்தார். பெஞ்சு எல்லாம் எங்களுக்கே விட்டார். இந்தக் கடையில் எனக்குப் பெஞ்சு கிடைத்த வரலாறு தனி, அதை உன்ர கம்பெனி படம் எடுக்க மாட்டாது. தெருவே வந்திருந்தது.

முதலில் மலை, மேகம், புல்லாங்குழல். அப்புறம் நம்ம ஆளுகள் ஈட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். அவர்களுக்குப் பின்னால் சுற்றியும் சீமைக்கருவேல முள். அந்த முள் இந்த ஊருக்கு வந்தது எனக்குக் கல்யாணம் ஆன பிறகு. மூவாயிரம் வருசத்து மனுசன் அதற்குள் எப்படி ஓடுவான்? ஓடின ரெண்டு பேர் தோளில் அம்மை குத்தின தழும்பு வட்ட வட்டமாகத் தெரிந்தது. "எழுத்து என்பதையே அறியாத மக்கள்" என்று உன்ர குரல் சொன்னபோது திரை நிறைய வெள்ளியங்கிரியின் கை. அதில் 'வெள்ளியங்கிரி ஆண்டவர் துணை' என்று பச்சை குத்தியிருந்தது. பாய் விழுந்து விழுந்து சிரித்தார். "ஏனுங் வெள்ளியங்கிரி, அப்பவே உங்களுக்கு எழுத்துத் தெரியுமாட்டங்குது" என்றார். எல்லோரும் சிரித்தோம். எனக்கும் சிரிப்பு வந்தது. இந்தப் புத்தியை வைத்துக்கொண்டா எங்களுக்குப் புத்தி எப்போது வந்தது என்று ஆராய்ச்சி பண்ணுகிறீங்க?

அப்புறம் பானை வந்தது. நான் வந்தேன். வாயைத் திறந்தேன். சத்தம் வரவில்லை.

வீணை வாசித்தார்கள். நான் வாயைத் திறக்கிறேன், மூடுகிறேன், மார்பில் அடித்துக்கொள்கிறேன். வீணை கேட்கிறது. அதன் மேலே உன்ர குரல், சுத்தமான குரல், என்ன சொன்னது என்று நான் வீட்டுக்கு வந்தவுடன் எழுதி வைத்துவிட்டேன்.

"இவர்களுக்குள் உறவு என்று ஏதும் இருந்ததா? இந்த மூதாட்டி யாருக்காக அழுதாள்? என்ன சொல்லி அழுதாள்? நமக்குத் தெரியாது."

கடையில் டீ ஆற்றுகிற சத்தம்கூட நின்றுவிட்டது. அங்கே இருந்த அத்தனை பேரும் அன்றைக்குக் கல்லடியில் நின்றவர்கள். அத்தனை பேருக்கும் நான் யாருக்கு அழுதேன் என்று தெரியும். பங்காரம்மா என் பக்கம் திரும்பினாள். எதையாவது குத்திச் சொல்லப் போகிறாள் என்று பார்த்தேன். என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவள் குத்தியிருந்தால் தாங்கியிருப்பேன்.

தெரியாதா உனக்கு?

வரதராஜுலுவுக்குத் தெரியாது. அந்த மனுசருக்கு முள்ளும் தெரியாது, முறையும் தெரியாது, அதற்காக நான் அவரைத் திட்ட மாட்டேன். தெரிந்தவள் ஒருத்தி இருந்தாள். அவளே மைக்கைப் பிடித்துத் தெரியாது என்று நாட்டுக்கே சொன்னாள்.

தெரியாத மாதிரி இரு என்றாய், இருந்தேன். பாட்டிம்மா என்றாய், திரும்பிப் பார்த்தேன். என்ர அழுகையை எடுத்தது யார்? அதற்கு மட்டும் பதில் எழுது. ஆட்டுக்குட்டியை விசாரிக்காதே. கிடாயை விற்றுவிட்டேன்.

பழனியாத்தாள்

*

சென்னை
19.9.1995

அமுச்சிக்கு,

இரண்டரை மாதமாக இந்தக் கடிதத்தை எழுதிக்கொண்டிருக்கிறேன். நீங்கள் கேட்டதற்கு முதலில் பதில்.

நான்தான் எடுத்தேன்.

சத்தங்களைச் சேர்க்கும் அறையில் சார், "அந்தக் கிழவி அழுகையை அப்படியே விடலாம், நல்லாருக்கு" என்றார். நான், "பிளேன் சத்தம் கலந்திருக்கிறது சார், மியூசிக் போட்டுவிடலாம்" என்றேன். பிளேன் கடைசி நான்கு வரியில்தான் இருந்தது. அதற்கு முன்னால் எல்லாம் தெளிவாக இருந்தது. அந்த அறையில் ஸ்பீக்கர் பெரிது. நீங்கள் என்னைக் கூப்பிட்டது சுவரெல்லாம் கேட்டது. அழுகையில் இழுத்துப் பாடிய வார்த்தை அங்கே யாருக்கும் புரியவில்லை. ஆனால் யாருக்காவது புரிந்துவிடும் என்று பயந்தேன். 'நமக்குத் தெரியாது' என்ற வரியையும் நான்தான் எழுதினேன். சார் அதை மிகவும் பாராட்டினார்.

போன மாதம் இந்தப் படத்தை ஒரு வெளிநாட்டு விழாவுக்குக் கேட்டார்கள். இயற்கையான சத்தங்களோடு வேண்டும், மக்கள் பேசுவதற்கெல்லாம் மொழிபெயர்ப்பு வேண்டும் என்றார்கள். சார் உங்கள் அழுகை இருந்த டேப்பை என்னிடம் கொடுத்து, "கோயம்புத்தூர்க்காரிதானே, வார்த்தை பிடிபடும். எழுதிக்கொண்டு வா" என்றார். காதில் மாட்டிக்கொண்டு இரண்டு நாள் கேட்டேன். அன்று பாதிதான் கேட்டிருந்தேன், அமுச்சி. மீதிக்கு நான் காதை அடைத்துக்கொண்டு நின்றிருக்கிறேன். எனக்குக் காய்ச்சல் வந்து கருமத்தம்பட்டி ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு நடந்ததைப் பாடியிருக்கிறீர்கள். நான் எழுதிய முதல் எழுத்தைப் பாடியிருக்கிறீர்கள். பங்காரம்மா அத்தை ஊற்றிய தண்ணீரைப் பாடியிருக்கிறீர்கள்.

எழுதியதைச் சாரிடம் கொடுத்தேன். படித்துவிட்டு, "பாவம், இந்தக் கிழவிக்குப் பேத்தி செத்துப்போச்சா?" என்றார்.

"இல்லை சார். உயிரோடு இருக்கிறாள். நான்தான்" என்றேன்.

அவர் தாளைக் கீழே வைத்தார். பிறகு, எந்தத் தெரு என்றார். சொன்னேன். அப்பா வாத்தியார் இல்லையா என்றார். விசைத்தறியில் இருந்தார், என் ஒரு வயதில் போய்விட்டார் என்றேன். பக்கத்தில் அக்கவுண்டண்ட் நஞ்சுண்டன் இருந்தார். அவர் தன் டம்ளரை எடுத்துக்கொண்டு வேறு மேஜைக்குப் போனார். அது தற்செயலாகவும் இருக்கலாம்.

கடைசியில் சாருக்கு முகம் மலர்ந்தது. "இதுதான்ம்மா கதை! கேமராவோடு உங்கள் ஊருக்குப் போவோம். நீ ஓடி வர, பாட்டி கட்டிப்பிடிக்க, அந்தக் கல் பின்னால் நிற்க" என்றார். மாட்டேன் என்று சொன்னேன். அதற்கப்புறம் என்னை எழுதக் கூப்பிடவில்லை. அடுத்த படத்துக்கு வேறு குரல் பார்க்கிறார்கள்.

மன்னிப்புக் கேட்க எனக்கு வார்த்தை வரவில்லை. வருகிற வார்த்தையெல்லாம் படத்துக்கு எழுதியது மாதிரியே இருக்கிறது.

உங்கள் முழங்கால் எப்படி இருக்கிறது என்று கேட்கலாமா?

மதி

*

பாறைக்காட்டுப்புதூர்
28.9.95

என்ர மகள் பெற்ற மதிவதனிக்கு,

முழங்கால் வலிக்கிறது. கேட்கலாம்.

கடுதாசியை மூணு தடவை படித்தேன். பிறகு வெள்ளியங்கிரிக்கு வாசித்தேன். பிறகு பங்காரம்மா கேட்டாள், அவளுக்கும் வாசித்தேன். டம்ளரை எடுத்துக்கொண்டு போனவனைப் பற்றி வந்தபோது அவள் சொன்ன வார்த்தைகளை நான் எழுத மாட்டேன். அஞ்சாங்கிளாஸில் அவற்றுக்கு எழுத்துக்கூட்டிக் காட்டவில்லை.

நீ சொன்னது பெரிய காரியம் என்று நினைத்துக்கொண்டிருப்பாய். பாதிதான் பெரிசு. அந்த மனுசர் கேட்டார், நீ சொன்னாய். கேட்காமல் சொல்வதற்கு உனக்கு நாலு நாள் இருந்தது, கூடாரத்துக்குள் ஒரு முழு நிமிசம் இருந்தது. அதை நான் கழித்துக்கொள்ள மாட்டேன்.

கட்டிப்பிடிக்கிற படத்துக்கு மாட்டேன் என்றாய் பார், அந்த இடத்தில்தான் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது. அவர் கேமராவோடு வந்திருந்தால் நானே கல்லெடுத்திருப்பேன். பெரிய கல் தூக்கத் தெரிந்த சனம் நாங்கள், அவர் படத்திலேயே இருக்கிறது.

இப்போது ஒரு காரியம் பாக்கி இருக்கிறது. உனக்குத் தெரியாது, நீ பிறப்பதற்கு முன்னால் நடந்தது. நம்ம தெருவிலிருந்து குடகுக்குத் தோட்ட வேலைக்குப் போன ஒருத்தன் செத்துப்போனான் என்று தந்தி வந்தது. அழுது, மொட்டையடித்து, எல்லாம் முடித்தோம். பதினாறாம் நாள் ஆள் பலகாரப் பொட்டலத்தோடு வந்து நிற்கிறான். தந்தி வேறு யாருக்கோ வந்தது. அவனைப் பெரியவர்கள் தெருவுக்குள் விடவில்லை. முக்கிலேயே நிறுத்தினார்கள். யாரெல்லாம் அவனுக்கு முறை சொல்லி அழுதார்களோ, அவர்கள் அத்தனை பேரும் வந்து ஒரு சொம்புத் தண்ணி தலையில் ஊற்றி, அதே முறையைச் சொல்லிக் கூப்பிட வேண்டும். ஒவ்வொருத்தருக்கும் அவன் சத்தமாக வாரேன் என்று சொல்ல வேண்டும். அப்புறந்தான் அழுத அழுகை கழியும். பாவம், மார்கழிக் குளிர், நாப்பது சொம்பு. ஆள் நடுங்கிப்போனான்.

உனக்கு நான் அழுதிருக்கிறேன். என்னோடு ஒன்பது பேர் அழுதிருக்கிறார்கள். வெள்ளியங்கிரி அழவில்லை என்று சொல்கிறான், அவனையும் சேர்த்துக்கொள்.

அடுத்த மாசம் பதினைஞ்சாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை, பகல் பஸ்ஸில் வா. இருட்டின பிறகு வந்து நுழையாதே. மெயின் ரோட்டில் இறங்கி, தோட்டத்துக்காரர் வீட்டு முன்னால், டீக்கடை முன்னால், எல்லோரும் பார்க்க நடந்து வா. யாராவது, "ஏனுங்க அம்மிணி, யாரூட்டுக்குங்க?" என்று கேட்பார்கள். சொல். நாங்கள் முக்கில் நிற்போம். நான் கூப்பிடுவேன். உன்ர பழைய குரலில் பதில் சொல்லோணும். சுத்தமான குரலை மெட்ராஸிலேயே விட்டுவிட்டு வா.

இதற்குப் பதில் போடாதே. எழுதுவது உனக்கும் எனக்கும் ரொம்பச் சுலபமாகப் போய்விட்டது.

அமுச்சி